மீதி முக்கால் லிட்டர்

1

இந்தக் கதை எங்கிருந்து வந்தது என்பதை முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன். ஒரு கழித்தல் கணக்கிலிருந்து வந்தது. மூன்றாம் வகுப்பில் எனக்குப் போட்ட கணக்கு. பத்து வயதுக்குள் நீங்களும் இதைப்போல் நூறு கணக்காவது போட்டிருப்பீர்கள். பால்காரி ஒருத்தி 9 லிட்டர் பால் கொண்டு போனாள், வீடுகளுக்கு 8 லிட்டர் 250 மில்லிலிட்டர் ஊற்றினாள், மீதி எவ்வளவு?

நான் 750 மில்லிலிட்டர் என்று எழுதி, சரி வாங்கிக்கொண்டு உட்கார்ந்துவிட்டேன். எத்தனையோ வருஷம் கழித்து ஒருநாள் பல் துலக்கிக்கொண்டிருந்தபோதுதான் உறைத்தது. அந்த முக்கால் லிட்டரை அவள் என்ன செய்தாள்? புத்தகம் அதைக் கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை. வாத்தியாராவது கேட்டிருக்கலாம்.

கணக்குப் புத்தகத்து மனிதர்களைக் கவனித்திருக்கிறீர்களா? வாங்குவார்கள், விற்பார்கள், ஊற்றுவார்கள், சிந்துவார்கள். தொட்டியில் ஓட்டையைப் போட்டுவிட்டு எத்தனை மணிக்குக் காலியாகும் என்று நம்மைப் பிடித்துக் கேட்பார்கள். அவர்களில் ஒருவரும் ஒரு வாய் குடித்ததாக நான் படித்ததில்லை. அவர்களுக்கு வாயே வைக்காமல் எழுதிவிட்டார்கள். நான் வைக்கப்போகிறேன். இந்த ஒரு விஷயத்தில் எனக்குச் சந்தேகம் கிடையாது.

2

முதல் தொடக்கம்: "வில்பட்டிச் சரிவில் பனி விலகாத ஒரு காலையில், தலையில் பால் கேனோடு கருப்பம்மாள்—"

(அடித்துவிட்டேன். மலையைப் பற்றி எழுத உட்காருகிறவர்கள் எல்லாரும் பனியில்தான் ஆரம்பிக்கிறார்கள். வில்பட்டிக்காரர்களுக்குப் பனி என்றால் பூண்டுப் பயிர் கருகிவிடுமோ என்ற கவலை, அவ்வளவுதான்.)

இரண்டாம் தொடக்கம்: "சேனாதிபதி வாத்தியார் விடியற்காலையில் நல்லுசாமியின் மாட்டுத் தொழுவத்துக்குப் போய், அவன் மனைவி பால் கறப்பதைக் கையில் நோட்டோடு நின்று பார்த்தார். ஏனென்றால்—"

(ஏனென்றால் என்று நான் விளக்குவதற்குள் ஊர் வேறொரு கதையை எழுதி முடித்துவிடும். சேனாதிபதி வாத்தியாரை வேறு ஊருக்கு மாற்றிவிட்டேன். அவர் இடத்துக்கு ஒரு டீச்சர் வருகிறார்.)

மூன்றாம் தொடக்கம்: "படி போய் லிட்டர் வந்த வருஷம், வில்பட்டி ஆரம்பப் பள்ளிக்கூடத்தில் அதற்காகச் சந்தோஷப்பட்ட ஒரே ஆள் லீலா டீச்சர்."

இது நிற்கிறது. இதன் மேல் கட்டலாம்.

3

லீலாவுக்குச் சொந்த ஊர் பழனி. அடிவாரத்தில் அவள் குடும்பத்துக்குப் பஞ்சாமிர்தக் கடை. தேனும் நெய்யும் வந்து இறங்கும் நாட்களில் கடை வாசலில் ஒரு சண்டை நிச்சயம். கொண்டு வந்தவன் படி சிறிசு, வாங்குகிறவர் படி பெரிசு. "எங்க ஊர்ப் படிக்கு அளங்க" என்று இரண்டு பேரும் தொண்டை வறளக் கத்துவார்கள். சிறுமியாக இருந்தபோது அதைப் பார்த்துப் பார்த்து அவளுக்கு வெறுத்துப்போயிருந்தது. அதனால் ஆயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபத்திரண்டில், எல்லா ஊருக்கும் ஒரே லிட்டர் என்று கேள்விப்பட்டபோது, நியாயம் என்ற ஒன்று தகரக் குவளையாக உருவெடுத்து வந்துவிட்டதாகவே நினைத்தாள். பள்ளிக்கூடத்துக்குச் சர்க்கார் முத்திரையோடு கொடுத்த லிட்டர்க் குவளையை அலமாரியில் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டாள்.

பிள்ளைகளுக்கு அந்தப் பரவசம் இல்லை. ஒரு படிக்கு எட்டு ஆழாக்கு என்று பிறந்ததிலிருந்து கேட்ட காதுகள். கழித்தலில் லிட்டரிலிருந்து கடன் வாங்கச் சொன்னால், ஆயிரம் மில்லியை வாங்காமல் எட்டை வாங்கினார்கள்.

"எட்டுல இருநூத்தி அம்பது போகாது டீச்சர்" என்று நியாயம் வேறு பேசினார்கள்.

மீதி ஒன்றுமே வராத கணக்கு ஒன்றும் போட்டுப் பார்த்தாள். 3 லிட்டர் எண்ணெயில் 3 லிட்டரும் செலவு, மீதி எவ்வளவு? பூஜ்யம் என்று ஒரு பிள்ளையும் எழுதவில்லை. இருபத்திரண்டு சிலேட்டிலும் ஒரே விடை: "நெறஞ்சிருச்சு."*

லீலா இருபத்திரண்டுக்கும் தப்புப் போட்டாள்.

* வீட்டில் அரிசியோ எண்ணெயோ தீர்ந்துபோனால் "இல்லை" என்று சொல்லக் கூடாது, "நிறைந்துவிட்டது" என்றுதான் சொல்ல வேண்டும் என்பது உங்களுக்குத் தெரியும். லீலாவுக்கும் தெரியும். அவள் வீட்டிலும் நெய் ஜாடி காலியானால் நிறைந்துதான் போகும். தெரிந்திருந்தும் தப்புப் போட்டாள், ஏனென்றால் அது கணக்குப் பீரியட்.

4

புத்தகத்துப் பால்காரி மண்டையில் ஏறவில்லை என்றால் ஊர்ப் பால்காரி ஏறுவாள் என்று லீலா முடிவு செய்தாள். முடிவு செய்துவிட்டால் அவள் தாமதிக்க மாட்டாள். மறுநாள் வெள்ளனே, முத்திரைக் குவளையும் நோட்டுமாக நல்லுசாமி வீட்டுத் தொழுவத்தில் போய் நின்றாள்.

நல்லுசாமிக்குக் கொஞ்சம் பூண்டுக் காடு, மூன்று கறவை மாடு. அவன் மனைவி கருப்பம்மாள்தான் மூன்றையும் கறந்து, கேனைத் தலையில் ஏற்றிக்கொண்டு கொடைக்கானல் டவுனுக்கு ஏறிப்போய்ப் பால் ஊற்றிவிட்டு வருகிறவள். ஒரே மகள் இருளாயி, லீலாவின் வகுப்பு.

"என்னங்க டீச்சர், இவ்வளவு வெள்ளனே?" என்றாள் கருப்பம்மாள்.

"பால் அளக்க வந்தேங்க. நெஜக் கணக்காப் போட்டாத்தான் பிள்ளைங்களுக்கு ஏறுது."

நல்லுசாமிக்குப் பெருமை பிடிபடவில்லை. "நல்லா அளங்க டீச்சரம்மா. எம் மாடு மூணும் இந்த மலைக்கே தெரிஞ்ச மாடு. சர்க்காரு அளவுல என்ன வருதுன்னு நானும் தெரிஞ்சுக்கிறேன்."

கருப்பம்மாள்தான் அளந்தாள். முதல் குவளையை "லாபம்" என்று சொல்லிச் சாய்த்தாள். ஒன்று என்று சொன்னால் ஒன்றோடு நின்றுவிடுமாம். லாபம், ரெண்டு, மூணு என்று பதினொன்று வந்து, மேலே அரைக் குவளையும் வந்தது. ஒன்பது லிட்டர் டவுனுக்குக் கேனில் போயிற்று. இதுவரை அவர்கள் வீட்டில் அதற்கு அஞ்சு படி அஞ்சு ஆழாக்கு என்று பேர். மீதி இரண்டரை லிட்டர் வீட்டுப் பானையில் நின்றது. அந்த வீட்டு ஆழாக்கையும் லீலா அளந்து பார்த்தாள். சரியாக இருநூறு மில்லி பிடித்தது.

"டவுன்ல யார் யாருக்கு எவ்வளவு ஊத்துவீங்க?"

"அங்க எல்லாம் இப்ப லிட்டருதான் டீச்சர். லாட்ஜுல நாலு. மிஷன் பங்களாவுல ரெண்டரை, அந்த பட்லர் 'மெஷர் கரெக்டா போடு'ன்னு பக்கத்துலயே நிப்பாரு. டாக்டரம்மா வீட்டுக்கு ஒண்ணு. போஸ்ட்மாஸ்டர் வீட்டுக்கு முக்கா."

தயக்கமே இல்லாமல் சொன்னாள். ஏன் தயங்க வேண்டும்? வீட்டில் படி, டவுனில் லிட்டர். படியிலிருந்து லிட்டரைக் கழிக்கத் தெரிந்த ஆள் வில்பட்டியில் அதுவரை ஒருவரும் இல்லை. டவுனிலும் படியாக இருந்த நாளில் அந்தக் கணக்கைக் கேட்க ஒருவருக்கும் தோன்றவில்லை. இரண்டு அளவுக்கும் நடுவில் ஒரு சந்து இருந்தது. அந்தச் சந்தில் ஒரு முக்கால் லிட்டர் பத்திரமாக இருந்துவந்தது. லீலா அந்தச் சந்தைத் தெரியாத்தனமாக அடைத்துக்கொண்டிருந்தாள்.

5

(இங்கே லீலாவைப் பற்றி எனக்கு ஒரு சந்தேகம் வந்தது. ஊரார் வீட்டுத் தொழுவத்துக்குள் மூக்கை நுழைக்கும் டீச்சரை வாசகருக்குப் பிடிக்குமா? கொஞ்சம் தயக்கத்தையும், கொஞ்சம் கூச்சத்தையும் சேர்த்து ஒரு பத்தி எழுதினேன். எழுதியதைப் படித்தால் வேறு யாரோ போல இருந்தாள். எடுத்துவிட்டேன். அவள் இப்படித்தான். நல்லது செய்கிறோம் என்ற நம்பிக்கையில் நடக்கிறவள், அதனால் இடித்துக்கொள்கிறவள். எனக்கு அவளைப் பிடித்திருக்கிறது.)

6

வெள்ளிக்கிழமை கரும்பலகையில் கணக்கு ஏறியது. "கருப்பம்மாள் 9 லிட்டர் பால் கொண்டு சென்றாள்" என்று படித்ததும் வகுப்பு முழுக்கச் சிரிப்பு. இருளாயிக்குத் தலைகால் புரியவில்லை. அவள் அம்மா பலகையில் இருக்கிறாள்! நாக்கைக் கடித்துக்கொண்டு சிலேட்டில் குனிந்தாள்.

முதலில் எழுந்து வந்ததும் அவள்தான். பூஜ்யத்திலிருந்து இருநூற்றைம்பது போகாது, ஒன்பது லிட்டரில் ஒன்றைக் கடன் வாங்கியிருந்தாள், விடை 750.

"எட்டு வாங்கலையா?" என்றாள் லீலா.

"இல்ல டீச்சர். ஆயிரம்."

லீலாவுக்கு அவளை அள்ளித் தூக்க வேண்டும்போல் இருந்தது. மூன்று வாரம் தொண்டைத் தண்ணீர் வற்றக் கத்தியதற்கு ஒரே ஒரு ஆயிரம் கிடைத்திருந்தது. சிலேட்டின் குறுக்கே பெரிதாகச் சரி போட்டு, "இதை அழிக்காம உங்கப்பாகிட்டக் காட்டு" என்று சொன்னாள்.

சிலேட்டை மார்போடு அணைத்துக்கொண்ட இருளாயி நகரவில்லை. "ஆனா டீச்சர், எங்கம்மா டவுனுக்குப் போயிட்டு வந்ததும் அப்பா 'பாலு எப்பிடி?'ன்னு கேக்கும். அம்மா தினமும் 'நெறஞ்சிருச்சு'ன்னுதான் சொல்லும். முக்கா லிட்டருன்னு சொன்னதே இல்லயே."

கடைசி வரிசையிலிருந்து செல்லப்பாண்டி கேட்டான். "அப்ப அந்தப் பாலு எங்க டீச்சர் போச்சு?"

ஒன்பதையும் எட்டே காலையும் ஒரே பலகையில் பக்கத்தில் பக்கத்தில் எழுதிய முதல் ஆள் தான்தான் என்பது அந்த நிமிஷத்தில்தான் லீலாவுக்குப் புரிந்தது. சிலேட்டைத் திருப்பி வாங்கிக்கொள்ளலாமா என்று கை நீட்டினாள். மணி அடித்துவிட்டது. இருளாயி ஓடிவிட்டாள்.

7

நல்லுசாமி அன்று சாயங்காலம் என்ன செய்தான் என்பதை இரண்டு விதமாக எழுதினேன். முதல் விதத்தில் அவன் கருப்பம்மாளை—

(வேண்டாம். அவனை அடிக்கிறவனாக ஆக்கிவிட்டால் என் வேலை சுலபமாகிவிடும், நீங்களும் அவனைத் திட்டிவிட்டுப் போய்விடலாம். அவன் அடிக்கிறவன் இல்லை. முதலில் மகளின் சரியைப் பார்த்துப் பூரித்துப்போய் அவளைத் தோளில் தூக்கி வைத்தவன். பிறகுதான் விரல் விட்டு எண்ணினான்.)

"தெனமும் முக்கா லிட்டரு. ஒந் தங்கச்சி வீட்டுக்கு ஊத்துறியா?"

"இல்லைங்க."

"பெறகு?"

தங்கச்சி வீட்டுக்கு ஊற்றினேன் என்று கருப்பம்மாள் சொல்லியிருந்தால்கூட ஒரு சண்டையோடு போயிருக்கும். உண்மையை எப்படிச் சொல்வது என்று அவளுக்குத் தெரியவில்லை. அவனுக்கோ அவள் பேசாமல் இருந்ததுதான் பெரிய குற்றமாகப் பட்டது. திங்கட்கிழமையிலிருந்து பாலைத் தானே கொண்டு போகப்போவதாகவும், அவள் பூண்டுக் காட்டில் களை எடுத்தால் போதும் என்றும் சொல்லிவிட்டான். பள்ளிக்கூடத்துக்கே வந்து டீச்சரம்மா முன்னால் விசாரிக்கப்போவதாகவும் சொன்னான்.

8

சனிக்கிழமை லீலா சாக்பீஸ் வாங்க டவுனுக்குப் போயிருந்தாள். திரும்பி இறங்கும்போது, பாதை சோலைக்குள் நுழையும் இடத்தில், ஓடைப் பக்கத்துப் பாறையில் கருப்பம்மாள் உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் கேன். கேனின் மூடியில் பால். அவள் குடித்துக்கொண்டிருந்தாள்.

மறைக்கவில்லை. வேகமாகவும் குடிக்கவில்லை. ஒரு வாய் குடிப்பாள், ஓடையைப் பார்ப்பாள், அடுத்த வாய் குடிப்பாள். லீலா தன்னையறியாமல் நின்றுவிட்டாள்.

"வாங்க டீச்சர். இதான் நீங்க கண்டுபிடிச்ச முக்கா லிட்டரு" என்றாள் கருப்பம்மாள். குரலில் கோபம் இல்லை, களைப்பு இருந்தது.

லீலா பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"நாலு வருசமா இந்தக் கல்லுலதான் டீச்சர். மூணு மாட்டையும் நான்தான் கறக்கேன். வீட்டுல மாமனாருக்கு வேணும், அவுகளுக்கு வேணும், புள்ளைக்கு வேணும், தயிருக்கு வேணும். எனக்குன்னு ஒரு டம்ளர் எடுத்தா யாரும் வேண்டாம்னு சொல்ல மாட்டாக. ஆனா எடுக்கக் கை வராது டீச்சர். பானைக்கு முன்னாடி நின்னா கை வராது. இங்க வந்தா வருது."

"வீட்ல நெறஞ்சிருச்சுன்னு சொல்வீங்களாமே?"

கருப்பம்மாள் தன் வயிற்றைத் தட்டிக் காட்டிச் சிரித்துவிட்டாள். "பொய்யா சொன்னேன்?"

லீலாவும் சிரித்தாள். அடுத்த நொடியே சிரிப்பு நின்றது. இருபத்திரண்டு சிலேட்டில் தப்புப் போட்டவள் அவள்.

கருப்பம்மாள் மூடியில் கொஞ்சம் ஊற்றி நீட்டினாள். லீலா வாங்கவில்லை. "இது உங்களுது" என்றாள்.

"திங்கக்கெழம நின்னுரும்" என்றாள் கருப்பம்மாள். "பாலு போனாக்கூடப் போகட்டும் டீச்சர். ஏறி எறங்குற இந்த நடையும் போயிருமேன்னுதான் நெனைக்கேன். நாள் பூரா எனக்குன்னு இருக்குற சோலி இது ஒண்ணுதான். உங்களக் கையெடுத்துக் கும்புடுறேன். கணக்குத் தப்பா எழுதிப்புட்டேன்னு அவுககிட்ட ஒரு வார்த்த சொல்லிருங்க."

"இருளாயி சரியாப் போட்டிருக்காளேங்க."

"சின்னப் புள்ள. மறந்துருவா."

மறக்க மாட்டாள் என்று லீலாவுக்குத் தெரியும். அம்மாவைக் காப்பாற்ற வேண்டுமானால் மகளின் சிலேட்டில் போட்ட சரியை அழித்துத் தப்புப் போட வேண்டும். மகளின் ஆயிரத்தைக் காப்பாற்றினால் அம்மாவின் பாறை போய்விடும். ஞாயிற்றுக்கிழமை முழுக்க அவள் இதையே போட்டுப் புரட்டிக்கொண்டிருந்தாள்.

9

ஞாயிற்றுக்கிழமை நானும் சும்மா இருக்கவில்லை. முடிவுகள் எழுதிப் பார்த்தேன்.

முடிவு ஒன்று. லீலா பொய் சொல்கிறாள். "படியை லிட்டரா மாத்துனதுல பிசகிட்டேங்க" என்கிறாள். நல்லுசாமி நம்பிவிடுகிறான். கருப்பம்மாள் மறுநாளும் பாறையில் உட்காருகிறாள். கீழே வகுப்பில் இருளாயி இனிமேல் எதைக் கழித்தாலும் எட்டைக் கடன் வாங்குகிறாள், ஏனென்றால் ஆயிரம் தப்பு என்று டீச்சரே சொல்லிவிட்டாள். ஒரு பக்கம் எழுதினேன். நல்லாத்தான் இருந்தது. இருளாயி முகத்தை எழுத வேண்டிய இடம் வந்ததும் பேனா ஓடவில்லை.

முடிவு இரண்டு. கருப்பம்மாள் எழுந்து நின்று, "நான்தான் குடிச்சேன்" என்று முழங்குகிறாள். வகுப்பே கைதட்டுகிறது. (முழங்குகிற பெண்ணாக இருந்திருந்தால் நாலு வருஷத்துக்கு முன்னால் பானைக்கு எதிரிலேயே முழங்கியிருப்பாள். இது எனக்கு நானே தட்டிக்கொண்ட கை.)

முடிவு மூன்று. லீலா பலகையில் கூடுதலாக ஒரு வரி எழுதுகிறாள்: "மீதி 750 மில்லியைக் கருப்பம்மாள் குடித்துவிட்டாள். இப்போது மீதி எவ்வளவு?" இருபத்திரண்டு பிள்ளைகளும் "நெறஞ்சிருச்சு!" என்று கத்துகிறார்கள், லீலா இந்தத் தடவை இருபத்திரண்டுக்கும் சரி போடுகிறாள். இதைப் படித்துக் காட்டியபோது என் சிநேகிதர் ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். உடனே கிழித்துவிட்டேன். எல்லாம் பூட்டும் சாவியுமாகப் பொருந்தி, ஒருவருக்கும் ஒன்றும் குறையாமல் முடிகிற கதையில், யாரோ கணக்கைத் திருத்தியிருக்கிறார்கள் என்று அர்த்தம்.

10

திங்கட்கிழமை நடந்தது இது. இதில் நான் கை வைக்கவில்லை, வைக்க நல்லுசாமி விடவில்லை.

சொன்னபடியே விடியற்காலையில் அவனே பாலைக் கொண்டு போயிருந்தான். லாட்ஜ், மிஷன் பங்களா, டாக்டரம்மா, போஸ்ட்மாஸ்டர் என்று அந்தந்த வீட்டு லிட்டர்க் குவளையால் ஊற்றிவிட்டு, பள்ளிக்கூடத்துக்கு வந்தான். மனைவியையும் காட்டிலிருந்து கூப்பிட்டு வந்திருந்தான். கேனை டீச்சர் மேசை மேல் வைத்துத் திறந்தான்.

"முக்கா லிட்டரு மிச்சம் இருக்கு டீச்சரம்மா. எம் மக போட்ட கணக்கு சரிதான். இனி இவ சொல்லட்டும், இம்புட்டு நாளும் இது எங்க போச்சுன்னு."

ஆக, முதல் முடிவும் போயிற்று. பொய் சொல்ல லீலாவுக்கு வழியே இல்லை, சாட்சி மேசை மேல் இருக்கிறது. கருப்பம்மாள் வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். கையில் களைக்கொத்து, காலில் ஈரமண். இருளாயி ஒருதடவை சிலேட்டைப் பார்த்தாள், ஒருதடவை அம்மாவைப் பார்த்தாள். தான் செய்தது என்ன என்று அவளுக்கு மெல்ல மெல்லப் புரிந்துகொண்டிருந்தது.

லீலா கேனை மூடி வைத்தாள்.

"கணக்கு சரிங்க" என்றாள். "ஆனா பாதிக் கணக்குதான் போட்டிருக்கோம். அன்னிக்குக் கறந்தது பதினொண்ணரை லிட்டர். டவுனுக்குப் போனது ஒன்பது. வீட்ல நின்ன ரெண்டரையை நான் பலகையில எழுதலை, அது என் தப்பு. அதையும் போட்டுருவோமா?"

"போடுங்களேன்" என்றான் நல்லுசாமி. தன் மாட்டுப் பாலைப் பற்றிப் பேச அவன் என்றைக்கும் சளைத்ததில்லை.

"யார் யாருக்கு எவ்வளவு? உங்க வீட்டு ஆழாக்குலயே சொல்லுங்க. அது இருநூறு மில்லி."

"எங்கய்யாவுக்கு மூணு ஆழாக்கு. பல்லு போயிருச்சு, பாலுதான் சாப்பாடு. எனக்கு நாலு, காப்பியோட சேத்து. இருளாயிக்கு ஒண்ணு. தயிருக்கு ஒறை ஊத்த நாலரை. எங்கய்யாவுக்கும் எனக்கும் தயிரில்லாம எறங்காது."

சொல்லச் சொல்ல லீலா எழுதினாள். எழுதிவிட்டுச் சாக்பீஸை இருளாயியிடம் கொடுத்தாள்.

பலகைக்கு முன்னால் நின்றதும் அந்தப் பெண் ஒருதடவை வாசலைத் திரும்பிப் பார்த்தாள். ஆனாலும் போட்டாள். இரண்டு லிட்டர் ஐந்நூறில் தாத்தாவின் அறுநூறு. ஐந்நூறிலிருந்து அறுநூறு போகாது, ஒரு லிட்டரைக் கடன் வாங்கு. வகுப்பு முழுக்க, "ஆயிரம்!" என்று கூவியது. ஒரு குரல்கூட எட்டு சொல்லவில்லை. ஒன்று தொள்ளாயிரம். அப்பாவின் எண்ணூறு போனால் ஒன்று நூறு. அவளுடைய இருநூறுக்கு இன்னொரு ஆயிரம் கடன், மீதி தொள்ளாயிரம். தயிருக்குத் தொள்ளாயிரம்.

பூஜ்யம் என்று எழுதினாள்.

லீலா இன்னொரு சாக்பீஸை எடுத்து, நாலு வரிக்கும் கீழே ஐந்தாவதாக ஒரு பெயர் எழுதினாள். கருப்பம்மாள். பெயருக்கு எதிரில் ஒன்றும் எழுதவில்லை.

"டீச்சர், எங்கம்மாவுக்குப் பாலே இல்ல" என்றாள் இருளாயி.

நல்லுசாமி பலகையைப் பார்த்தான். அவனுக்கு எழுத்துக் கூட்டித்தான் படிக்க வரும், எண் நன்றாக வரும். மேலிருந்து கீழாக ஒருதடவை, கீழிருந்து மேலாக ஒருதடவை கூட்டிப் பார்த்தான். கணக்கில் பிசகு கிடைக்கவில்லை.

"மோரு ஊத்திக்குவா" என்றான். அந்தக் குரல் அவனுக்கே நன்றாக இல்லை.

அவன் மேசை மேல் இருந்த கேனைப் பார்த்தான். பிறகு நாலு நாளில் முதல் தடவையாக மனைவி முகத்தைப் பார்த்தான். முக்கால் லிட்டர் எங்கே போயிற்று என்று அவன் மறுபடியும் கேட்கவில்லை. கேட்க வேண்டிய அவசியம் இருக்கவில்லை.

"சாக்பீஸக் குடு" என்று மகளிடம் கை நீட்டினான்.

11

கருப்பம்மாள் என்ற பெயருக்கு எதிரில் நல்லுசாமி ஒரு எண்ணை எழுதினான்.

அந்த எண் எனக்குத் தெரியும். சொல்ல மாட்டேன். சொன்னால் நீங்கள் சரி போட்டுவிட்டு, நான் மூன்றாம் வகுப்பில் உட்கார்ந்ததுபோல் நிம்மதியாக உட்கார்ந்துவிடுவீர்கள். அதை அழித்துவிட்டேன், நீங்களே எழுதுங்கள்.

எழுதுவதற்கு முன்னால் ஒரே ஒரு நிபந்தனை. மாடு மூன்றுதான், கறந்தது பதினொன்றரைதான். உங்கள் இரக்கத்துக்காகப் பானையில் பால் கூடாது. அவளுக்கு என்று எதை எழுதினாலும் மேலே இருக்கிற யாரிடமாவது கழித்தாக வேண்டும். தாத்தாவுக்குப் பல் இல்லை. குழந்தைக்கு ஒரே ஆழாக்குதான். தயிரைக் குறைத்தால் தட்டில் தெரியும். நல்லுசாமியின் நாலிலிருந்து எடுப்பேன் என்பீர்கள், அவனைப் பார்த்தால் அது சுலபமாகத்தான் தெரிகிறது. ஆனால் சாக்பீஸ் அவன் கையில் இருக்கிறது. அவனாக எழுத வேண்டும். இல்லையென்றால் கேனை மறுபடியும் அவள் தலையில் ஏற்றி அனுப்பிவிட்டு, அந்த வரியைக் காலியாகவே விடலாம். (அவள் விருப்பம் அதுவாகத்தான் இருக்கும் என்று எனக்குத் தோன்றுகிறது. வீட்டில் டம்ளரில் கொடுத்தாலும் அந்தப் பாறையில் குடிப்பதுபோல் ஆகுமா? ஆனால் அவளை யாரும் இன்னும் கேட்கவில்லை. நீங்கள் கேட்கலாம், அதோ வாசலில்தான் நிற்கிறாள்.)

மணி பதினொன்றாகிவிட்டது. இருபத்திரண்டு பிள்ளைகளும் உங்கள் கையையே பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். மேசை மேல் விடியற்காலையில் கறந்த பால் முக்கால் லிட்டர், காய்ச்சாமல் இருக்கிறது. இன்னும் கொஞ்ச நேரம் போனால் திரிந்துவிடும், யாருக்கும் ஆகாது. வெரசா எழுதுங்கள்.